பெரியத்தை துணி பார்க்கும் விதம்

பேண்ட் பையில் மறந்துபோன ஒரே ஒரு டிஷ்யூ காகிதம் போதும், ஒரு வாஷிங் மெஷின் துணி முழுவதையும் நாசமாக்க. உள்ளே போகும்போது அது ஒன்று. வெளியே வரும்போது எத்தனை என்று கடவுளுக்கும் பெரியத்தைக்கும்தான் தெரியும். முழங்காலில், காலுறையின் உள்பக்கத்தில், அக்குள் தையலில், பொத்தான் துளையில் என்று எங்கெங்கோ ஈரத்தோடு ஈரமாகப் போய் ஒண்டிக்கொண்டிருக்கும். அவசரப்பட்டு அப்படியே தேய்த்தவர்கள் தொலைந்தார்கள். நூலுக்குள்ளேயே குடியேறிவிடும்.

பெரியத்தை அவசரப்பட மாட்டாள். துணியைத் தொடாமல் கொடியில் போட்டு, சருகாகக் காயவிட்டு, பிறகு பால்கனிக் கம்பிக்கு வெளியே நீட்டி ஓங்கி உதறுவாள். பாதி அதிலேயே பறந்துவிடும்.

“மேல இருந்து என்னம்மா பனி கொட்டுது?” என்று கீழ்வீட்டுக்காரி கத்துவாள்.

“எங்க தம்பி மூக்கும்மா. ஊருக்கே பொதுவாயிடுச்சு” என்று இவள் பதில் கொடுப்பாள்.

மீதிக்கு, ரப்பர் கையுறையை லேசாக நனைத்துக்கொண்டு ஒரே பக்கமாக இழுப்பாள். துணுக்கெல்லாம் திரிதிரியாகச் சேர்ந்து கையோடு வரும். அதற்கும் மசியாததைத்தான் நகத்தால் எடுப்பது. வீட்டில் எல்லோருக்கும் தெரிந்த முறை இவ்வளவுதான். கடைசியாக இன்னொன்று உண்டு. பால்கனிக் கதவைச் சாத்திவிட்டு, யாரும் பார்க்காதபோது, துணியைக் கீழுதட்டில் வைத்து மெல்ல இழுத்துப் பார்ப்பாள். விரலுக்குப் பிடிபடாத துணுக்கும் உதட்டுக்குப் பிடிபடும். அவள் கண்ணுக்கு எதுவுமே பிடிபடாமல் போய் ஒரு வருஷம் ஆகியிருந்தது.

பெரியத்தை இந்த வீட்டுக்காரரின் அக்கா. அவருக்கு வருஷம் முழுக்க ஜலதோஷம். பழைய கோப்புகளை அடுக்கிவைத்திருக்கும் ஓர் அலுவலகத்தில் வேலை, தூசியே தொழில். முன்பெல்லாம் கைக்குட்டைதான் வைத்திருந்தார். அவர் மனைவி பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்துகிறவள். தெருவில் மட்டுமல்ல, வீட்டிலேயே அவளுக்கு டீச்சர் என்றுதான் பெயர். கைக்குட்டை அசுத்தம் என்று டீச்சர் சொல்லிவிட்டாள். பெட்டி பெட்டியாக டிஷ்யூ வந்தது. அவர் சிந்துவார், கசக்குவார், எந்தப் பை கைக்கு வந்ததோ அதில் திணிப்பார். சிந்தும் மூக்கு ஒருத்தருடையது, பொறுக்கும் கை இன்னொருத்தருடையது.

அந்தக் கை சும்மா இருந்த கை இல்லை. பெரியத்தை முப்பது வயதிலிருந்து ஒரு ஆயத்த ஆடைக் கம்பெனியில் செக்கிங் மேஜையில் நின்றவள். தைத்து வரும் சட்டைகளை விளக்கு வெளிச்சத்தில் விரித்துப் பார்த்து, தப்பு இருக்கும் இடத்தில் சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டுவது வேலை. ஒரு தையல் தாண்டியிருந்தாலும் விடமாட்டாள். ஸ்டிக்கரை ஒட்டிவிட்டு சட்டையை நடந்து போய்க் கொடுக்கவும் மாட்டாள். தைத்தவளின் மடியைப் பார்த்து வீசுவாள். “கண்ணை என்ன பிடரியில வச்சுக்கிட்டா தைச்ச?” என்பது அவளுடைய வழக்கமான வசனம். அழுதுகொண்டே தையலைப் பிரித்த பெண்கள் பலபேர். அவர்களில் ஒருத்திகூட, கம்பெனி மூடிய அன்று, இவளிடம் போய்வருகிறேன் என்று சொல்லவில்லை.

கல்யாணம் என்று ஒன்று நடந்திருந்தது. அந்த மனிதர் கப்பல் வேலைக்குப் போனார், போனவர் போனவர்தான். கப்பல் ஒன்றும் மூழ்கவில்லை. விசாரித்துப் பார்த்ததில் அது நன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தது.

ஆகவே கம்பெனி மூடியதும் தம்பி வீட்டுக்கு வந்தாள். சமையலறைக்குப் பின்னால் ஒரு சின்ன அறை. ஒரே ஜன்னல், அதுவும் பக்கத்துக் கட்டடத்தின் சுவரைப் பார்த்தது. கட்டில் போட்டால் கதவு முழுதாகத் திறக்காது. ஆனாலும் உள்ளேயிருந்து தாழ்ப்பாள் போட்டுக்கொள்ளலாம். அந்தத் தாழ்ப்பாளுக்காகப் பெரியத்தை எதையும் செய்வாள்.

அந்த அறையின் மேல் டீச்சருக்கும் ஒரு கண் இருந்தது. சாயங்காலம் டியூஷனுக்கு வரும் பிள்ளைகள் கூடத்தை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க, வீட்டுக்காரர் டிவியைச் சத்தமில்லாமல் பார்க்க வேண்டியிருந்தது. டீச்சர் அறையைக் கேட்டதில்லை. வந்தவர்களிடம் சிரித்துக்கொண்டே ஒன்று சொல்வாள்: “எங்க அண்ணி இல்லேன்னா எனக்கு அந்த மெஷினை எப்படிப் போடறதுன்னுகூடத் தெரியாது.” கேட்டவர்கள் அதைப் புகழ்ச்சி என்று எடுத்துக்கொண்டார்கள். பெரியத்தை அதை நிபந்தனை என்று எடுத்துக்கொண்டாள். துணி பார்க்கிறவரைக்கும் அறை.

அதனால்தான் கண் மங்கியதும் யாருக்கும் சொல்லாமல் தனியாக டாக்டரிடம் போனாள். நரம்பு என்றார் அவர். போனது திரும்பாது, இருப்பதைக் காப்பாற்றச் சொட்டு மருந்து போடுங்கள் என்றார். இருந்தது என்னவென்றால், நடுவில் ஒரு ரூபாய் அகலத்துக்குப் புகைமூட்டமாக ஒரு வெளிச்சம். சொட்டு மருந்தைச் சோப்புத்தூள் டப்பாவுக்குப் பின்னால் ஒளித்துவைத்தாள். அங்கே இந்த வீட்டில் வேறு யார் கையும் போகாது.

கண்டுபிடித்தது தம்பி மகள்தான். இருபத்துநான்கு வயதாகியும் பாப்பா. ஒருநாள் பால்கனிக் கதவைத் தள்ளிக்கொண்டு வந்தவள், உதட்டில் சட்டையோடு அத்தையைப் பார்த்தாள்.

“அத்தை, அப்பா சட்டைக்கு எதுக்கு முத்தம் குடுக்கிற?”

“உங்கப்பன் சட்டைக்கு முத்தம் ஒண்ணுதான் கேடு. போடி அந்தப் பக்கம்.”

பாப்பா போகவில்லை. விரல்களை நீட்டினாள். “இது எத்தனை?”

“உன் கொழுப்பு எவ்வளவோ அவ்வளவு.”

“அத்தை. நான் கையையே நீட்டல.”

உண்மையில் நீட்டியிருந்தாள். பெரியத்தைக்கு அது தெரியவில்லை என்பது இருவருக்கும் அந்த நிமிஷமே தெரிந்துபோனது. 

பாப்பா அப்போது மோட்டார் ஷோரூமில் வேலை பார்க்கும் ஒரு பையனோடு பழகிக்கொண்டிருந்தாள். வீட்டுக்குத் தெரியாது. சாயங்காலம் வெளியே போய் இருட்டியபின் வருவதற்குத் தினமும் ஒரு காரணம் தேவைப்பட்டது. அவள் இடம் பொருள் தெரிந்த பெண்.

“நான் உனக்குக் கண்ணு. நீ எனக்கு வாய். சரியா?” என்றாள்.

“மாமியார் வீட்டுக்குப் போனா நல்லாப் பொழைச்சுக்குவ நீ” என்றாள் பெரியத்தை.

அன்றிலிருந்து டீச்சர் பள்ளியிலிருந்து வருவதற்குள் பாப்பா துணிகளை ஒருமுறை கண்ணால் மேய்ந்துவிடுவாள். விட்டுப்போன துணுக்குகளை எடுத்துவிடுவாள். பெரியத்தை தன் பங்குக்கு, “மொட்டைமாடியில என்கூடத்தான் இருந்தா”, “கீழே போய் எனக்கு மாத்திரை வாங்கிட்டு வந்தா” என்று பாப்பா வராத நேரங்களையெல்லாம் நிரப்புவாள். பொய் சொல்வதில் ஒரு தையல்கூடத் தாண்டாது.

இந்த ஏற்பாட்டைக் கெடுத்தது ஒரு நல்ல செய்தி. பையனே தன் வீட்டில் சொல்லிவிட்டான். அவர்கள் ஒத்துக்கொண்டார்கள். டீச்சரும், ஒருவாரம் முகத்தைத் தூக்கிவைத்திருந்துவிட்டு, ஒத்துக்கொண்டாள். ஞாயிற்றுக்கிழமை ஒரு ஹோட்டலில் இரண்டு குடும்பமும் சந்திப்பதென்று முடிவானது. பாப்பாவுக்கு இனி பொய் தேவையில்லை. வாய்க்கு வேலை போனதும் கண்ணுக்கும் வேலை போனது. பாப்பா கெட்டவள் இல்லை. சந்தோஷமாக இருந்தாள், அவ்வளவுதான். சந்தோஷமாக இருப்பவர்களின் கண் அடுத்தவர் துணியில் விழுவதில்லை.

அந்த வாரமே வீட்டுக்காரர் பின்பக்கம் முழுக்க வெள்ளைத் துணுக்கோடு அலுவலகம் போனார். “சார், மாவு மில்லுல பார்ட் டைமா?” என்று அங்கே கேட்டார்களாம். அவர் அதை வீட்டில் வந்து நகைச்சுவையாகத்தான் சொன்னார். டீச்சர் சிரிக்கவில்லை. பேண்ட்டை விளக்குக்கு நேராகத் தூக்கிப் பிடித்துப் பார்த்தாள். பிறகு அண்ணியைப் பார்த்தாள்.

டீச்சர் சத்தம் போடுகிற ரகமில்லை. வகுப்பில் யாருக்குப் பதில் தெரியாதோ அவனைப் பார்த்துக் கேள்வி கேட்டுவிட்டுப் பொறுமையாகக் காத்திருக்கிற ரகம்.

“அண்ணி, இந்தச் சட்டை காலர்ல என்ன கறை இது?” என்று மறுநாள் நீட்டினாள். கறை எதுவும் இல்லை.

பெரியத்தை வாங்கி, காலரைக் கட்டைவிரலால் ஒருமுறை தடவினாள். “இதுல எங்கம்மா கறை? உன் கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கிட்டுப் பாரு.”

டீச்சர் கண்ணாடியைக் கழற்றினாள். அதில் உண்மையிலேயே விரல்ரேகை இருந்தது. அந்தச் சுற்று பெரியத்தைக்கு.

“அந்தப் பச்சைத் துண்டை எடுங்களேன் அண்ணி.”

பச்சைக்கு ஓரம் பிரிந்திருக்கும், நீலத்துக்குப் பிரிந்திருக்காது. எடுத்துக் கொடுத்தாள்.

“பரவாயில்லையே” என்றாள் டீச்சர், விடைத்தாளில் எழுதுகிற குரலில்.

சனிக்கிழமை பெரியத்தை வழக்கம்போலத் துணிகளை எடுத்து, ஒவ்வொரு பையையும் உள்வெளியாகத் திருப்பினாள். அவளுடைய துணிகள் எப்போதும் நாக்கை நீட்டிக்கொண்டுதான் மெஷினுக்குள் போகும். எல்லாவற்றையும் மெஷினில் போட்டுவிட்டு, ஓடவிடுவதற்கு முன் சொட்டு மருந்தை எடுத்துக்கொண்டு குளியலறைக்குப் போனாள். அந்தச் சமயத்தில் டீச்சர் வந்தாள். புது டிஷ்யூ ஒன்றை நாலாக மடித்து, புருஷனின் பேண்ட்டை உருவி, ஒரு பையை உள்ளே தள்ளி, அதற்குள் வைத்து, பேண்ட்டைத் துணிகளுக்கு நடுவில் திருப்பிச் செருகிவிட்டுச் சிறப்பு வகுப்புக்குக் கிளம்பிப் போனாள். அவளுக்கு ஓர் ஐயத்தைத் தீர்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. காகிதம் கண்ணில் படாமல் தப்பி, துணி துணுக்கோடு மடிக்கப்பட்டு அலமாரியில் ஏறினால், அண்ணிக்குக் கண் தெரியவில்லை என்று முடிவாகிவிடும்.

அடுத்ததாகப் பாப்பா வந்தாள். ஞாயிற்றுக்கிழமை போட்டுக்கொள்ள வாங்கிய புதுக் கவுன் கையில். மெஷின் கதவைத் திறந்து அதையும் உள்ளே எறிந்தாள்.

“அத்தை, கறுப்பு கவுன் ஒண்ணு போட்டிருக்கேன். கடை நாத்தம் அடிக்குது. நாளைக்கு வேணும், மறந்துடாத!” என்று குளியலறைக் கதவைப் பார்த்துக் கத்திவிட்டு, தலைமுடி வெட்டிக்கொள்ளப் போய்விட்டாள்.

துவைத்து முடித்த மெஷினுக்குள் கையை விட்டதுமே பெரியத்தைக்குத் தெரிந்துவிட்டது. கூழ். ஒரு பேண்ட் பை மட்டும் உள்ளே போயிருந்தது. அதற்குள் விரலை விட்டால், கசங்காமல், மடித்த விளிம்போடு ஒரு மிச்சம். தம்பி காகிதத்தை மடிக்கிற மனிதன் இல்லை.

அவள் அந்த மிச்சத்தைக் குப்பையில் எறிந்தாள். பிறகு ஒவ்வொன்றாக எடுத்துக் கொடியில் போட்டாள்.

வெயில் நல்ல வெயில். மத்தியானத்துக்குள் எல்லாம் காய்ந்தன. உதறினாள், கீழ்வீட்டுக்காரி கத்தினாள், இன்று பதில் கொடுக்கவில்லை. கையுறையால் இழுத்தாள். சட்டைகள் சரியாயின, பேண்ட்டுகள் சரியாயின. உதட்டில் வைத்துப் பார்த்தாள், சுத்தம். கடைசியாகக் கவுனை எடுத்தாள்.

மெல்லிய துணி. கீழுதட்டில் வைத்து இழுத்தவள் அப்படியே நின்றுவிட்டாள். எங்கும் துணுக்கு. ஒரு கட்டைவிரல் அகலத்துக்கு ஒன்று, மேலிருந்து கீழ்வரைக்கும். கையுறையை நனைத்து இழுத்தாள். ஒன்றுகூட வரவில்லை. மறுபடி இழுத்தாள். பசை போட்டு ஒட்டினாற்போல் நின்றன. நகத்தால் கிள்ளினால் நுனி மட்டும் பஞ்சாக வந்தது.

அறைக்குள் போய், கம்பெனிக் காலத்து நூல் கத்தரியை எடுத்துவந்தாள். பால்கனியில் சுவரோரம் உட்கார்ந்து, கவுனை மடியில் விரித்து, கீழ்விளிம்பிலிருந்து தொடங்கினாள். ஒரு துணுக்கு, கத்தரியின் முனையை அடியில் விட்டு நெம்பு, கிள்ளு, தடவிப் பார், அடுத்தது. செக்கிங் மேஜையில் எப்படியோ அப்படி வரிசை வரிசையாக, ஒன்றைக்கூட விடாமல். விரல் ஒரே ஒரு தடவை தயங்கியது. ஒன்றுக்கும் அடுத்ததுக்கும் இடைவெளி ஏன் ஒரே அளவாக இருக்கிறது என்று அது கேட்டது. பேசாம வேலையைப் பாரு என்று பயம் விரலை அதட்டியது. அவள் வேலையைப் பார்த்தாள். முதுகு கடுத்தது. விரல்நுனி எரிந்தது. பாதிக் கவுன் முடிந்தபோது உதட்டில் வைத்துப் பார்த்தாள். முடித்த இடம் பட்டுப்போல் வழுக்கியது. அவளுக்கு ஒரு திருப்திகூட வந்தது. உனக்குக் காகிதம் மடிக்கத் தெரியுமென்றால் எனக்கு எடுக்கத் தெரியும், போடி.

பாப்பா முடியை வெட்டிக்கொண்டு, தலையை ஆட்டி ஆட்டிக்கொண்டு வந்தாள். “அத்தை, எப்படி இருக்கு பாரு... சரி, தொட்டுப் பாரு” என்று குனிந்தவள், மடியில் கிடந்ததைப் பார்த்தாள். அத்தையின் கால்மாட்டில் வெள்ளைப் பஞ்சு குவிந்திருந்தது.

“என்ன பண்ற?”

“உங்கம்மா பண்ணினதை எடுக்கறேன். இன்னும் பாதிதான். கவலைப்படாத, நாளைக்குள்ள...”

“புள்ளி எங்க?”

“எந்தப் புள்ளி?”

“வெள்ளைப் புள்ளி! கவுன்ல இருந்த புள்ளி! டிசைன் அத்தை அது! டிசைன்!”

“நீ கறுப்புன்னுதானே சொன்ன.”

“கறுப்புதான்! புள்ளி வச்ச கறுப்பு!”

பெரியத்தையின் கை கத்தரியோடு அப்படியே நின்றது. பாப்பா கவுனைப் பிடுங்கினாள். கத்தரி முனை எங்கோ மாட்டி, துணி ஒரு சாண் கிழிந்தது.

சத்தம் கேட்டு, அப்போதுதான் வாசலில் செருப்பைக் கழற்றிய டீச்சர் உள்ளே ஓடிவந்தாள். பாப்பா அழுதுகொண்டே கவுனை விரித்துக் காட்டினாள். இடுப்புக்கு மேலே கறுப்பில் வெள்ளைப் பஞ்சுப் புள்ளிகள். இடுப்புக்குக் கீழே மொட்டை.

“குருடிம்மா இவ!” என்றாள் பாப்பா. “ஒரு வருஷமா கண்ணு தெரியாது. ஒண்ணும் தெரியாது. நான்தான் தினம் துணியைப் பாத்து சரிபண்ணி வச்சேன். இல்லேன்னா எப்பவோ...”

டீச்சரின் முகத்தில் சரியான விடை வந்துவிட்ட நிம்மதி. அதைப் பெரியத்தையால் பார்க்க முடியாது. ஆனால் மூச்சு விட்டதைக் கேட்டாள்.

“நீ எதுக்குப் பாப்பா சரிபண்ணின?” என்று கேட்டாள் டீச்சர்.

பாப்பா வாயைத் திறப்பதற்குள் பெரியத்தை சொன்னாள். “சொல்லேன்டி. என் வாயை எதுக்கு வாடகைக்கு எடுத்தேன்னு அதையும் சொல்லேன். மாத்திரை வாங்கப் போனா, மொட்டைமாடியில இருந்தான்னு நான் யாருக்காகப் புளுகினேன்? ஷோரூம் ஷட்டரை இழுத்து மூடினப்புறம் உம்பொண்ணு உள்ளதான் இருந்தாம்மா டீச்சர். ஒருநாள் ரெண்டுநாள் இல்ல.”

 பெரியத்தை காத்திருந்தாள். ஒரு வருஷம் பத்திரமாக மடியில் வைத்திருந்து எறிந்த கல் இது.

“அது எனக்கு எப்பவோ தெரியும் அண்ணி” என்றாள் டீச்சர். “அந்தப் பையனை வரச்சொல்லி நானே பேசினேன். இல்லேன்னா அவன் அவங்க வீட்டுல வாயைத் திறந்திருப்பான்னா நினைச்சீங்க?”

பெரியத்தைக்கு இனி கையில் ஒன்று மட்டும் மிச்சமிருந்தது. “பையெல்லாம் நான் திருப்பித்தான் போட்டேன். யாரோ வேணும்னே வச்சிருக்காங்க. நாலா மடிச்சு. மூக்கு சிந்தாத காகிதம்.”

“ஆமா, நான்தான் வச்சேன். வைக்காம எப்படித் தெரிஞ்சுக்கறது?”

வீட்டுக்காரர் வந்தது இந்தச் சமயத்தில்தான். கவுனைக் கையில் வாங்கினார். மேலே பார்த்தார், கீழே பார்த்தார். “என்ன இது, பாதி உரிச்ச கோழி மாதிரி?” என்றார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். மூக்கிலிருந்து, வயிற்றிலிருந்து, உட்கார இடம் தேடும் அளவுக்குச் சிரித்தார். “ஒண்ணு ஒண்ணா எடுத்தியாக்கா? உட்கார்ந்து? அத்தனையையும்?” டீச்சருக்கும் தொற்றிக்கொண்டது. அழுதுகொண்டிருந்த பாப்பாவே கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்துவிட்டாள். வீட்டில் இப்படி எல்லோரும் சேர்ந்து சிரித்து வெகுகாலம் ஆகிவிட்டது. சிரிக்கிறார்கள் என்றால் மன்னித்துவிட்டார்கள் என்று நினைத்து, பெரியத்தையும் சிரித்தாள். “கம்பெனியா இருந்தா இதுக்கு எனக்கு இன்க்ரிமெண்ட் குடுத்திருப்பான்” என்றாள். அதற்கும் சிரித்தார்கள்.

டீச்சர் முதலில் ஓய்ந்தாள். “சிரிச்சது போதும்” என்றாள், கண்ணோரத்தைத் துடைத்துக்கொண்டு. “கண்ணு தெரியாதவங்க நாளைக்கு அடுப்புல கைய வைப்பாங்க. படியில உருளுவாங்க. சம்பந்தி வீட்டுக்காரங்க வந்துபோற நேரம். ஒரு ஏற்பாடு பண்ணணும்.” யாரும் சிரிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பாப்பா வேறு உடுப்பில் போனாள். சந்திப்பு நன்றாக நடந்ததாம். புதன்கிழமை வீட்டுக்காரர் விடுப்புப் போட்டார்.

“அக்கா, கிளம்பு. கண் டாக்டர்கிட்ட காட்டிட்டு வந்துடலாம்.”

“பையில என்னடா?”

“ரெண்டு நாள் தங்கச் சொன்னாலும் சொல்வாங்க.”

டாக்சியில் பை அவள் காலடியில் இருந்தது. காலால் தள்ளிப் பார்த்தாள், நகரவில்லை. குனிந்து ஜிப்பைத் திறந்து கையை விட்டாள். கம்பளி, தலையணை உறை, அவளுடைய எல்லா உள்ளாடைகளும்.

“கண்ணாஸ்பத்திரிக்குக் கம்பளியுமாடா?”

அவர் ஜன்னல் பக்கம் திரும்பித் தும்மினார்.

இறங்கிய இடத்தில் ஃபினாயில் வாசனை அடித்தது. தூரத்தில் பல டிவிகள் ஒரே நிகழ்ச்சியைப் பேசின. யாரோ ஒரு கிழவர் விடாமல் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தார். முதியோர் இல்லம் என்று யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. வார்டன் அம்மாள் கனத்த குரல்காரி. நாற்காலி கிறீச்சிட உட்கார்ந்து, சொல்லிச் சொல்லிப் பழகிப்போன விதிகளைச் சொன்னாள்.

“தன் காரியத்தைத் தானே பாத்துக்கணும் சார். படுத்த படுக்கை, புத்தி பிசகினவங்க, கண்ணு தெரியாதவங்க, இந்த மூணு பேரை நாங்க எடுக்கறதில்ல. மூணு மாடி. படி அதிகம், ஆள் கம்மி. போன வருஷம் ஒருத்தர் விழுந்து பெரிய வம்பாயிடுச்சு.”

“எங்க அக்காவுக்கு அதெல்லாம் ஒண்ணும் இல்ல மேடம்” என்றார் தம்பி. “இந்த வயசுலயும் துணியில ஒரு தூசு இருக்க விடமாட்டாங்க. கழுகுக் கண்ணு.”

உள்ளே தொலைபேசி மணியடித்தது. வார்டன் எழுந்து போனாள். தம்பி சட்டென்று அக்காவின் காதருகே குனிந்தார்.

“அக்கா, கேட்டா நல்லாத் தெரியும்னு சொல்லிடு. எதிர்ச் சுவத்துல கடிகாரம் இருக்கு, நாலேகால் ஆகுது. பக்கத்துல மலைப்படம் போட்ட காலண்டர். அந்தம்மா போட்டிருக்கறது மஞ்சள். மஞ்சள்ல நீலக் கோடு. வலது பக்கம் படி. நடக்கும்போது என் கையைப் பிடிக்காத. என்ன?”

பெரியத்தை தலையைத் திருப்பி அவர் குரல் வந்த பக்கம் பார்த்தாள். ஒரு வருஷமாக இந்த ஆளுக்கும் இவன் பெண்டாட்டிக்கும் பயந்து கண் தெரிகிறவளாக நடித்திருந்தாள். நடிப்பில் யாரும் பாடம் சொல்லித்தர வேண்டிய நிலையில் அவள் இல்லை. கடிகாரம், காலண்டர், மஞ்சளில் நீலக் கோடு. இதைவிடக் கஷ்டமான பரீட்சைகளை டீச்சர் வைத்திருக்கிறாள்.

“சின்ன வயசுல உனக்கு நான் சட்டை போட்டுவிட்டிருக்கேன்டா” என்றாள்.

“இப்ப எதுக்குக்கா அது?”

வார்டன் திரும்பிவந்து உட்கார்ந்தாள். “என்னம்மா, பேசவே மாட்டேங்கறீங்க. கண்ணு எப்படி? அந்தக் கடிகாரத்துல மணி என்ன, சொல்லுங்க பார்ப்போம்.”

தம்பியின் செருப்பு அவள் காலை லேசாக இடித்தது.

“எந்தக் கடிகாரம்மா?” என்றாள் பெரியத்தை. “எனக்குக் கண்ணே தெரியாதே. எதிர்ல உட்கார்ந்திருக்கறது ஆம்பளையா பொம்பளையான்னே குரலை வச்சுத்தான் கண்டுபிடிச்சேன். நாலேகால்னு சொல்லுன்னு தம்பிதான் சொல்லிக்குடுத்தான். நீங்க மஞ்சள் போட்டிருக்கீங்களாம், நீலக் கோடு போட்டதாம். நல்லா இருக்கா உங்களுக்கு?”

“என்ன சார் இது?” என்றாள் வார்டன்.

 திரும்பிவரும் டாக்சியில் தம்பியின் மூக்கு மட்டும் பேசிக்கொண்டு வந்தது. வீட்டுத் தெரு திரும்பியபோதுதான் வாயைத் திறந்தார்.

“ஏன்கா இப்படிப் பண்ணின?”

“நான் என்னடா பண்ணினேன். கேட்டாங்க, சொன்னேன்.”

“அவகிட்ட இப்ப என்ன சொல்றது நான்?”

“கண்ணு தெரியாதவங்களை எங்கயும் எடுக்க மாட்டாங்களாம்னு சொல்லு. உண்மையைச் சொல்லு.”

“அந்த ரூமுல இந்நேரம் பெஞ்சு போட்டிருப்பாக்கா. கட்டிலை நேத்தே பேசி வித்தாச்சு.”

 “அப்ப கூடத்துல படுத்துக்கறேன்” என்றாள் பெரியத்தை. “நடுக்கூடத்துல. வர்றவங்க போறவங்க தாண்டிப் போகட்டும். சம்பந்தி வீட்டுக்காரங்களும் தாண்டட்டும்.”

தம்பி இறங்கி, டாக்சிக்காரனிடம் பணத்தைக் கொடுத்து, பையைத் தூக்கிக்கொண்டு, தெருவில் யார் முகத்தையும் பார்க்காமல் வாசலை நோக்கி வேகமாக நடந்தார். டாக்சி போய்விட்டது. பெரியத்தை நடுத்தெருவில் நின்றாள். இந்தத் தெருவில் அவளுக்கு ஒவ்வொரு மேடு பள்ளமும் தெரியும். வாசல் எங்கே, படி எங்கே, எல்லாம் காலுக்கே தெரியும். ஒரு வருஷமாகத் தனியாகத்தான் போய்வந்துகொண்டிருந்தாள்.

அவள் ஓர் அடிகூட எடுத்துவைக்கவில்லை. வலது கையை முன்னால் நீட்டினாள்.

“தம்பீ!” என்று கூப்பிட்டாள், மேல்மாடிவரைக்கும் கேட்கும் குரலில். “கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போடா! எனக்குத்தான் கண்ணு தெரியாதில்ல!”

ஒரு ஜன்னல் திறந்தது. இன்னொன்றும் திறந்தது. கீழ்வீட்டுக்காரி வெளியே வந்து, “அய்யோ, என்னாச்சும்மா கண்ணுக்கு?” என்றாள். மேலே பால்கனியில் டியூஷன் பிள்ளைகள் கம்பியோரமாக வந்து நின்றன. அவர்களுக்குப் பின்னால் டீச்சர். தம்பி பையோடு வாசற்படியிலேயே நின்றுவிட்டார். பெரியத்தை கையை இறக்கவில்லை. மறுபடி கூப்பிடுவதற்கு மூச்சை இழுத்தாள். அவர் பையைப் படியில் வைத்துவிட்டு, தெரு முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்க, திரும்பி நடந்து வந்தார்.